வைத்தியர் யாருக்கு மொட்டை போட்டார்

பிள்ளைகளே, கம்பம் பஸ்ஸில் எனக்கு முன்சீட்டில் இரண்டு பேர் பேசிக்கொண்டு வந்தார்கள். ஒருத்தி, கோம்பையில் முன்காலத்தில் வாழ்ந்த வைத்தியர் என்ற புலவரைப் பற்றி ஆராய்கிற பெண். மற்றவர், அந்தப் புலவர் தங்கள் வம்சம் என்று சொல்லும் விவசாயி.

“வைத்தியருக்கு ரெண்டு அப்பான்னு சொல்றாக, ஐயா. பெத்த உங்க முப்பாட்டன் பேர எழுதவா, எடுத்து வளத்த எண்ணெய்ச் செக்காட்டி பேரயா? ஏட்டுல அப்பா பேரே இல்ல.”

“எங்க முப்பாட்டன்னு எழுதுனா எங்களுக்குப் பெருமதான் ஆத்தா.”

“எழுதிரவா?”

சின்னமனூர் தாண்டியதும் அவர் அவள் பக்கம் திரும்பினார்.

“முப்பாட்டன் சாவுக்கு வைத்தியர் வந்து கோடித்துணி போர்த்துனதோட சரியாம். செக்காட்டிக்குத்தான் கொள்ளி வச்சு மொட்டை போட்டாகளாம். செக்காட்டி பேரையே எழுது.”

“வீட்டுல ஏச மாட்டாகளா?”

“ஏசுவாக. சோறும் போடுவாக.”

அன்று நீங்கள் பள்ளியிலிருந்து வருமுன், டிரங்குப் பெட்டியில் கிடந்த, என்னை வளர்த்த சித்தப்பாவின் படத்தைத் துடைத்து, என் அப்பா படத்துக்குப் பக்கத்தில் மாட்டினேன்.