கதை முடிஞ்ச ஊரு

சாத்தாதீங்க, சாத்தாதீங்க... ப்ச். சாத்திட்டீங்க. சரி, விடுங்க. ஒண்ணுமில்ல, காத்து வருமேன்னு சொன்னேன். கோவமெல்லாம் இல்லங்க. என் குரலே அப்படித்தான், சாப்பிட்டீங்களான்னு கேட்டாக்கூட சண்டைக்குக் கூப்பிடுற மாதிரி இருக்கும்னு எங்கண்ணன் சொல்வான். வாசக்கதவு, நடையில இருக்குற கதவு, இப்ப இது. எங்க வீட்டு ஆளுங்க எல்லாரும் சேந்து ஒரு வருஷத்துல இத்தனை கதவு சாத்தியிருக்க மாட்டோம். நல்ல பழக்கம்தான், குத்தம் சொல்லல. உக்காருங்க.

அண்ணனோட துணிப்பெட்டிய கட்டில் மேலயே வச்சிருங்க. நான் திறக்கல, அம்மா வந்து திறக்கட்டும். ஃபோன்ல கேட்டதும் தட்டாம அவ்வளவு தூரத்துலேருந்து தூக்கிட்டு வந்தீங்களே, அதுக்கு நன்றி. துணியெல்லாம் நீங்களா மடிச்சீங்க? நெனச்சேன். எங்கண்ணன் பெட்டின்னா வாய் மூடவே மூடாது. நாக்கத் துருத்துன மாதிரி ஒரு சட்டைக் கையாவது வெளிய தொங்கும்.

அம்மா மருந்துக்கடை வரைக்கும் போயிருக்காங்க, இப்ப வந்துருவாங்க. தண்ணி இங்கயே இருக்கு, எந்திரிக்காதீங்க, நான் ஊத்தித் தரேன்.

ஆமா, இது அவன் ரூம்தான். கீழ டொக்கு டொக்குன்னு கேக்குதே, அது சைக்கிள் கடை. நாலு மாடி ஏறி வருது பாருங்க சத்தம். அவனுக்கு அந்தச் சத்தம் இருந்தாதான் தூக்கமே வரும்.

உங்கள எப்படிக் கூப்பிடுறதுன்னுதான் தெரியல. அவன்கூட ஒரே ரூம்ல ரெண்டு வருஷம் இருந்தவரு, அண்ணான்னே கூப்பிடுடின்னாங்க அம்மா. நாக்கு வர மாட்டேங்குது. அந்த வார்த்தைக்கு ஏற்கெனவே ஒரு ஆள் இருக்கான்ல. தப்பா எடுத்துக்காதீங்க.

அதுவா? அது அவனோட கேம் பெட்டி. உங்க ரூமுக்கு அவன் எடுத்துட்டு வந்தது கையில வச்சு விளையாடுற சின்னது. இது டி.வியில மாட்டுறது. ரெண்டுக்கும் ஒரே அக்கவுண்ட். அங்க ராத்திரி அவன் ஒரு மரத்த வெட்டுனான்னு வைங்க, காலைல நான் இங்க போட்டுப் பாத்தா அந்த மரம் விழுந்து கெடக்கும். அப்படித்தான் நாங்க பேசிக்கிறதே. ஃபோன் பண்ண சோம்பேறித்தனம் அவனுக்கு.

இந்தாங்க, பிடிங்க. ஐய, கடிக்காதுங்க! தெரியும், நீங்க இதையெல்லாம் கையால தொட்டதே இல்லன்னு, அண்ணன் கேஸைப் பாத்த இன்ஸ்பெக்டர் சொன்னாரு. நீங்கதான் சொன்னீங்களாம், அவன் எந்நேரமும் அதையே வச்சுட்டிருப்பான் சார், எனக்கு அதுல தலையும் புரியாது வாலும் புரியாதுன்னு. அதனால என்ன, நான் சொல்லித் தரேன். சும்மா ஒருத்தர் மூஞ்சிய ஒருத்தர் பாத்துட்டு உக்காந்திருந்தா எனக்கு அழுகை வந்துரும். நீங்க கைக்கு வேலை குடுங்க, நான் வாய்க்கு வேலை குடுக்கறேன்.

இடது கட்டைவிரல் நடக்குறதுக்கு. வலது கட்டைவிரல் சுத்திப் பாக்குறதுக்கு. இந்தப் பொத்தானை ஒரு தட்டு தட்டுனா கதவு திறக்கும். ஆள் முன்னாடி நின்னு தட்டுனா ஆள் பேசும். அவ்வளவுதான். முட்டுது பாருங்க, திருப்புங்க, திருப்புங்க... அந்தம்மா தலைல இருந்த கூடையத் தட்டி விட்டுட்டீங்க. பரவால்ல, மொதத் தடவை எல்லாரும் அப்படித்தான்.

சண்டையா? சண்டையெல்லாம் முடிஞ்சு போச்சுங்க. பனிக்கோட்டை ராஜாவ எங்கண்ணன் எப்பவோ கொன்னுட்டான். நாடு தப்பிச்சுது, மேளம் கொட்டியாச்சு, கேமைச் செஞ்சவங்க பேரெல்லாம் வரிசையா ஓடி முடிஞ்சுது. உங்கள நான் கதை முடிஞ்ச ஊர்லதான் விட்டிருக்கேன். இந்த ஊர்ல இனிமே யாரும் உங்கள எங்கயும் போகச் சொல்ல மாட்டாங்க.

அப்புறம் என்ன பண்றதா? இதையேதான் எங்க யுனிவர்சிட்டி விவாதத்துல எதிர்த்தரப்புப் பொண்ணு கேட்டா. கதை முடிஞ்ச விளையாட்ட விளையாடுறவன் சினிமா முடிஞ்சும் நாற்காலிய விட்டு எந்திரிக்காதவன்னு சொன்னா. எல்லாரும் கைதட்டுனாங்க. எனக்கு வந்துச்சே கோவம்! நான் படிக்கிறது தாவரவியல், வீட்ல எனக்குப் பேரு வக்கீலு. விடுவேனா? ஏம்மா, கதை ஓடுற வரைக்கும் அம்புக்குறி காட்டுற பக்கம்தான போற? நீயும் அதே ராஜாவத்தான் கொல்ற, நானும் அதே ராஜாவத்தான் கொல்றேன். அதுல நீ யாரு, நான் யாரு? அம்புக்குறி அணைஞ்சதுக்கு அப்புறம் ஒருத்தன் எந்தப் பக்கம் நடக்கறான்னு பாரு, அப்பத் தெரியும் அவன் யாருன்னு. அப்படின்னேன். தோத்துட்டேன், அது வேற விஷயம். நடுவர் அவ மாமா.

சிரிக்கிறீங்க. நல்லது. அந்தப் பாலத்தைத் தாண்டிப் போங்க, நேரா.

எவ்வளவோ பண்ணலாங்க. சில பேர் விட்டுப்போன குகையெல்லாம் தேடிப் போவாங்க. சில பேர் வீடு கட்டுவாங்க, குதிரை வளப்பாங்க, பறவைய எல்லாம் ஃபோட்டோ எடுத்து வரிசையா மாட்டுவாங்க. நூத்துக்கு நூறு முடிச்சாதான் தூக்கம் வரும்னு இருக்கறவங்களும் உண்டு, சின்னச் சின்ன வேலையா விடாம பொறுக்கி எடுப்பாங்க. எங்கண்ணன் என்ன பண்ணுவான் தெரியுமா? ஆத்தங்கரையில உக்காந்து மீன் பிடிப்பான். பிடிச்சு, மறுபடி தண்ணியில விடுவான். அவ்வளவுதான். மணிக்கணக்கா. ஏன்டா இப்படின்னு கேட்டா, இந்த ஊரக் காப்பாத்துனதே நிம்மதியா உக்காரத்தானேன்னுவான்.

இந்த ஊர் ஆளுங்களப் பாருங்க, கிட்டப் போய் ஒருத்தர்கிட்ட தட்டுங்க. கேட்டீங்களா? நீங்க இல்லன்னா நாங்க இல்லங்குது. அடுத்த ஆளுகிட்ட தட்டுங்க. அதேதான். கதை முடிஞ்சதுலேருந்து ஊரே இத ஒண்ணையே சொல்லிட்டிருக்கு. முன்னாடி எனக்கு இது சிரிப்பா இருக்கும். இப்பல்லாம் ராத்திரி கண்ண மூடுனா இந்தக் குரல் கேக்குது.

வலது பக்கம் ஒரு கெணறு தெரியுதா? அதுக்குப் பக்கத்துல ஒரு நாய் படுத்திருக்கும். கெழட்டு நாய், ஒரு காது மடங்கி இருக்கும். இல்லையா? ஆமா, இப்ப இல்ல. அத வச்சு ஒரு வேலை இருக்கு. மலை மேல ஒரு கழுத்துப்பட்டை கெடக்கும், அத எடுத்துட்டு வந்து நாய்க்குப் போட்டா அதோட பழைய எஜமானைத் தேடிப் போயிரும். திரும்பி வராது. போட்டவங்களுக்குப் பத்துப் புள்ளி கெடைக்கும். நானும் அண்ணனும் அந்தப் பட்டையத் தொடவே இல்ல. பத்துப் புள்ளிக்காக ஒரு நாயத் தொரத்துறதான்னு அவன் கேட்டான். வாழ்க்கையில அவன்கிட்ட நான் வாதாடாம ஒத்துக்கிட்டது அது ஒண்ணுதான்.

யாரோ போட்டுட்டாங்க.

எப்பவா? அவன் காணாமப் போனதுக்கு அப்புறம். சின்னக் கேம் பெட்டிய எடுத்துட்டுக் காலைல சொல்லாம கொள்ளாமப் போயிட்டான்னு நீங்க ஸ்டேஷன்ல சொன்னீங்கல்ல, அதுக்கு அடுத்த வாரமே. எனக்கு ஒண்ணும் புரியல. இங்க டி.வியில கேமைப் போட்டேன், நாயக் காணோம். மீன்பிடிக்கிற எடத்துல யாரும் உக்காந்த மாதிரி இல்ல. ஆனா குகையெல்லாம் ஒண்ணொண்ணா முடிஞ்சிருக்கு, பறவையெல்லாம் வரிசையா மாட்டியிருக்கு. அவ்வளவு சுத்தமா.

ஓடிப்போய் இன்ஸ்பெக்டர்கிட்ட சொன்னேன். அவர் என்ன சொன்னாரு தெரியுமா? ரொம்ப நல்ல சேதிம்மா, உங்கண்ணன் உயிரோட இருக்காரு, ஜாலியா விளையாடிட்டிருக்காரு, வயசு வந்த ஆளு, வீட்டு மேல ஏதோ வருத்தம், தானா வருவாருன்னு. ஃபைலை மூடிட்டாரு! அந்தச் சின்னப் பெட்டி எங்கிருந்து ஓடுதுன்னாவது தேடுங்க சார்னா, தானாப் போனவரத் தேட முடியாதுங்கறாரு. சார், இது எங்கண்ணன் கை இல்ல சார்னு கத்துனேன். கைய எப்படிம்மா டி.வியில பாத்தன்னு ஒரு சிரிப்பு. சுத்தி நின்ன கான்ஸ்டபிள் எல்லாம் சிரிச்சாங்க. ஒரு வேரப் பாத்து மரத்தச் சொல்லணும்னா சொல்லிருவேன், அதுக்குத்தான் என்னைப் படிக்க வச்சிருக்காங்க. பொறந்ததுலேருந்து பக்கத்துல உக்காந்து பாத்த கைய எனக்குத் தெரியாதா?

அம்மா மட்டும் நம்பிட்டாங்க. இன்ஸ்பெக்டரை. டெய்லி காலைல எந்திரிச்சு, இன்னைக்கு விளையாடியிருக்கானாடின்னு கேப்பாங்க. ஆமாம்மான்னா போதும், ஒரு நாள் ஓடிரும். அத நெனச்சாதான் எனக்கு வயிறு எரியுது. என்னைக் கேட்டா, செஞ்ச காரியத்தவிட அதுதான் பெரிய அநியாயம். அதுக்காகத்தான அந்தப் பட்டையப் போட்டவங்க விளையாடுனதே, நாங்க அவன் இருக்கான்னு நம்பணும்னு.

என்னங்க, நின்னுட்டீங்க? நடங்க. கெணத்துக்குப் பின்னாடி ஒரு நீல வீடு இருக்கு பாருங்க, அதுதான் அண்ணன் கட்டுனது. தட்டுங்க, திறக்கும். உள்ள போங்க. அழகா இருக்குல்ல? அந்தத் தூண்டில் எனக்காக மாட்டி வச்சது.

ம்.

ஒண்ணுமில்ல. நீங்க பாருங்க.

இந்தக் கேம்ல ஒரு வேடிக்கை உண்டுங்க. திறந்த கதவு திறந்தபடியே கெடக்கும். நாள் கணக்கா, மாசக் கணக்கா. எங்கண்ணன் திறந்து போட்டுப் போட்டு, இந்த ஊருக்கே சளி பிடிச்சிருக்கும்னு நான் கிண்டல் பண்ணுவேன். சாத்தணும்னா உள்ள வந்ததும் திரும்பி நிக்கணும், அதே பொத்தான மூணு எண்ணுற வரைக்கும் அமுத்திப் பிடிக்கணும். யாருக்கு அந்தப் பொறுமை இருக்கு? அத யாரும் சொல்லியும் தர மாட்டாங்க. எனக்கே அப்படி ஒரு வசதி இருக்குன்னு தெரியாது. நாய் போனதுக்கு அப்புறம்தான் பாத்தேன். இந்த ஊர்ல ஒரு வீடு விடாம எல்லாக் கதவும் சாத்தியிருந்துச்சு.

நான் உங்களுக்குத் திறக்க மட்டும்தாங்க சொல்லிக் குடுத்தேன்.

இப்ப உள்ள வந்தீங்க, திரும்புனீங்க, அமுத்திப் பிடிச்சீங்க. கீழ குனிஞ்சு பொத்தானப் பாக்கக்கூட இல்ல. அந்தக் கூடைக்காரம்மாவ இடிச்சதெல்லாம் ரொம்ப நல்லா நடிச்சீங்க, சத்தியமா. கையத்தான் நடிக்க வைக்க முடியல.

வச்சிருங்க, இனிமே விளையாட வேணாம். டி.வி மூலைல செவப்பா ஒரு புள்ளி தெரியுதா? பதிவாகுதுன்னு அர்த்தம். நேத்து வரைக்கும் தெனம் ஓடுன கேம் இன்னைக்கு ஒரு தடவகூட ஓடல, நீங்க வழியெல்லாம் கூட்டத்துல நின்னுட்டு வந்தீங்கல்ல. அதையும் சேத்து அம்மாகிட்டச் சொல்லியிருக்கேன். அம்மா மருந்துக்கடைக்குப் போகல. இன்னைக்குத்தான் அவங்களையே நம்ப வச்சேன், இன்ஸ்பெக்டரக் கூட்டிட்டு வரப் போயிருக்காங்க. இந்தத் தடவ கையப் பாத்துட்டுச் சிரிக்கட்டும்.

எங்கண்ணன் உங்களுக்கு வச்ச பேரு தெரியுமா? தாழ்ப்பாள். ஃபோன்ல சொல்வான், வக்கீலு, நான் திறந்து வச்சுட்டு வர்ற கதவையெல்லாம் எங்க தாழ்ப்பாள் பின்னாடியே வந்து சாத்துறான், அதுலயே எங்களுக்குள்ள பேச்சு நின்னு போச்சுன்னு. நானும் சேந்து சிரிச்சேன். ரெண்டு ஆம்பளைங்க கதவுக்குச் சண்டை போடுறீங்களாடான்னு.

எங்க எந்திரிக்கறீங்க? அந்தக் கைப்பிடிய ஆட்டாதீங்க. உள்பக்கம் அது போன மாசமே உடைஞ்சு போச்சு, வெளியிலேருந்துதான் திறக்கும். தச்சர் இன்னைக்கு வரேன் நாளைக்கு வரேன்னு இழுத்துட்டிருக்காரு. அதுக்குத்தாங்க வந்ததும் வராததுமா சாத்தாதீங்க, சாத்தாதீங்கன்னு கத்துனேன். எனக்கு மட்டும் பயமா இல்லையா என்ன? நானும்தான உள்ள இருக்கேன்.

உக்காருங்க. அம்மா வந்து திறக்கறதுக்கு முன்னாடி எனக்கு மட்டும் சொல்லுங்க. எங்கண்ணன எங்க வச்சுச் சாத்துனீங்க?