தழும்பு இல்லாத முகம்

நாரந்தனைப் பண்பாட்டுப் பாதுகாப்புப் பேரவையின் ஆயுட்காலத் தலைவரும் ஸ்ரூடியோ உரிமையாளருமான குலசிங்கம் ஆகிய நான், தீவக மக்களுக்கும் புலம்பெயர்ந்த உறவுகளுக்கும் பணிவன்புடன் அறியத்தருவது: அந்தப் படத்தைச் செய்தது நான்தான்.

"என்ன படம் எண்டு விளக்கமா எழுதும்," என்கிறார் இன்ஸ்பெக்டர். எழுதுகிறேன். முகம் முன்பள்ளி ரீச்சர் நிலக்சனாவுடையது. உடம்பு கொம்பியூட்டர் தந்தது. அதில் உடுப்பு இல்லை.

இதில் புதினம் ஒன்றுமில்லை. இருபத்தைந்து வருசமாக எனக்கு ஒட்டு வேலைதான். கனடாவிலிருந்து வர ஏலாத மாமனைக் கலியாணப் படத்தில் மணவறைக்குப் பக்கத்தில் நிறுத்தியிருக்கிறேன். சட்டையே போடாமல் வாழ்ந்து செத்தவருக்கு நினைவுமலரில் கோட் போட்டிருக்கிறேன். அவர்களிடம் சம்மதம் கேட்டாயா என்று ஒருவரும் என்னைக் கேட்கவில்லை. உடுப்பைப் போட்டுவிட்டால் கலை, கழற்றிவிட்டால் குற்றமா?

மூன்று பேருக்குத்தான் அனுப்பினேன். அது வட்ஸ்அப்பில் ரொறன்ரோ வரை போனதற்கு நான் பொறுப்பில்லை. பேரவையைக் கூட்டி, படத்தைக் கண்டித்துத் தீர்மானம் எழுதியதும் நானே. நல்ல தமிழ்.

அடுத்த கிழமை பதினெட்டுப் பிள்ளைகளில் நாலு பேர்தான் முன்பள்ளிக்கு வந்தார்கள். "பொய்ப் படமெண்டு தெரியும், பிள்ளை. எண்டாலும் நாலு சனம் பாத்திட்டுது," என்றாராம் ஒரு தாய். மாத முடிவில் நிலக்சனாவை வேலையிலிருந்து நிற்பாட்டினார்கள்.

பிறகு அவர் என் ஸ்ரூடியோவுக்கு வந்தார். போனைக் கண்ணாடி மேசையில் வைத்தார். படத்தை நான் பார்க்கவில்லை, ஏற்கெனவே பார்த்ததுதான்.

"அண்ணை, என்ரை நாடியில, வாய்க்குக் கீழ இருக்கிற தழும்பு எங்கை?"

"என்ன தழும்பு?"

"சின்னனில பனை மட்டை கீறினது. என்ரை எல்லாப் படத்திலயும் கிடக்கு. விண்ணப்பத்துக்கு நீங்கள் எடுத்த படத்தில மட்டும் இல்லை. கேக்காமலே அழிச்சுவிட்டனீங்கள். இதிலயும் இல்லை."

யார் வந்தாலும் முகத்தைத் துடைத்துக் கொடுப்பது என் தொழில் மரியாதை. அந்த மரியாதைதான் என்னை இந்தப் பொலிஸ் நிலையக் கதிரையில் கொண்டுவந்து இருத்தியிருக்கிறது.

"ஏன் செய்தனீர்?" என்று இன்ஸ்பெக்டர் மூன்றாம் தரம் கேட்கிறார். பெண்பிள்ளைகள் கெட்டுப்போகிறார்கள், பண்பாட்டுக்கு ஒரு காவல் வேண்டும் என்று இரண்டு தரம் சொல்லிவிட்டேன். அவர் ஏற்கவில்லை. சரி, எழுதுகிறேன்.

படத்தைச் செய்ததற்கு முந்தின கிழமை, பேரவையின் ஆண்டு விழா. பெண்மையின் மாண்பு பற்றி ஐம்பதாவது நிமிடமாகப் பேசிக்கொண்டிருந்தேன். முன்வரிசையில் பிள்ளைகளோடு இருந்த நிலக்சனா எழும்பி, "குலசிங்கம் அண்ணை, பிள்ளையளுக்கு மூத்திரம் முட்டுது. முடியுங்கோ," என்றார்.

சனம் சிரித்தது.