முதுகு காட்டி ஆடியவள்

கதவைச் சாத்திவிட்டு நெருங்கி உட்காருங்கள். இது நம் பெர்கஸின் சித்தி ரோனாவுக்கு நேர்ந்தது.

குளிர்காலத்தில் ஒரு மாலை, நான்கு மணி. மலைச்சாலையில் அதற்குள் இருட்டு. பனியில் புதைந்த கார் உறுமியது... இருமியது... அடங்கியது. அன்றைக்கென்றுதான் ஊர் நடனக் கூடத்தில் அவளுடைய எட்டுப் பேர் குழுவின் ஆட்டத்தைத் தொலைக்காட்சிக்காரர்கள் படம் பிடிக்கிறார்கள். ரோனா சாலையைச் சபித்துக்கொண்டே நடந்தாள்.

கூடத்தை அடைந்தபோது அக்கார்டியன் ஓய்ந்திருந்தது.

“முடிச்சிட்டோம் ரோனா,” என்றான் அவளுடைய நடன ஜோடி லாக்லன். “ஆள் குறைஞ்சா இடத்தைக் காலியா விட்டு ஆடறது நம்ம வழக்கம்தானே. காத்துக்குக் கை கொடுத்தேன். உன்னை மாதிரி அது என் காலை மிதிக்கல.”

படம் பிடிக்க வந்த பெண் நிமிர்ந்தாள். “காலியாவா? எட்டுப் பேரும்தான் ஆடினீங்க. உங்க கையைப் பிடிச்சு ஆடின அந்தம்மாதான் கடைசிவரைக்கும் முதுகையே காட்டிட்டாங்க.”

யாரும் சிரிக்கவில்லை. லாக்லன் உள்ளங்கையைத் தன் கில்ட் பாவாடையில் அழுத்தித் துடைத்தான். அந்தக் கையில் ஈரக் கம்பளி நாற்றம்...

“மாசக்கணக்கா முட்டி தேய ஆடியிருக்கேன்,” என்றாள் ரோனா. “நான் இல்லாம அது டிவியில வரக் கூடாது. இன்னொரு தடவை எடுங்க.”

எடுத்தார்கள். அதிலும் நிம்மதி இல்லை. லாக்லன் ஒவ்வொரு முறையும் அவளுக்கு ஒரு சாண் தள்ளியே கையை நீட்டினான்.

“எங்கடா பாக்கறே? நான் இங்க இருக்கேன்.”

“நீ நிக்கிற பக்கந்தான் நீட்டறேன்...”

அவள் கால் வைக்கப்போன இடமெல்லாம் முன்பே ஈரமாகிக் கிடந்தது.

இரண்டாவதாக எடுத்தது ஒளிபரப்பான அன்று, கணவன் ஆர்ச்சி திரைக்கு முன்னால் இரண்டு நாற்காலிகளை இழுத்துப் போட்டான். நடனம் தொடங்கியது. பெண்கள் சுழன்றார்கள். ஒருத்தி மட்டும், எப்படிச் சுழன்றாலும், முதுகையே காட்டினாள்.

“இந்தா, நீதான். முதுகைப் பார்த்தாலே தெரியுதே.”

“அது நான் இல்ல ஆர்ச்சி. நீயுமா?”

“பின்ன நீ எங்க?”

ரோனா ஒவ்வொரு முகமாகத் தன்னைத் தேடினாள். வரிசை பிரிந்தது... சேர்ந்தது. மீண்டும் பிரிந்தபோது, பின்னால் கூடத்தின் சன்னல் தெரிந்தது.

அங்கேதான் ரோனா இருந்தாள். சன்னலுக்கு வெளியே, தலையெல்லாம் பனி மூடி, வாய் திறந்து எதையோ கத்தியபடி, இரண்டு கைகளாலும் கண்ணாடியை அடித்துக்கொண்டிருந்தாள்.

இசையில் அந்த ஓசை கேட்கவில்லை. நாற்காலியில் அமர்ந்திருந்த ரோனாவின் உள்ளங்கைகள் மட்டும் எரியத் தொடங்கின.