இடித்த பிறகு எடுத்த இன்சூரன்ஸ்

"என்ன இடிச்சப்ப வண்டிக்கு இன்சூரன்ஸ் இல்ல. ஆஸ்பத்திரிக்குப் போய்ச் சேர்றதுக்குள்ள வந்துடுச்சி."

காலாப்பட்டு பஸ்ஸில் எனக்கு முன் இருக்கையில் கைத்தடியோடு இருந்த பெரியவர், பக்கத்தில் இருந்தவரிடம் இப்படிச் சொன்னார். நஷ்டஈட்டு வழக்கில் சாட்சி சொல்லிவிட்டு வீடு திரும்புகிறாராம்.

"அது எப்பிடிண்ணே?"

"நம்மூரு மேட்டுப்பாளையத்துல டெம்போக்காரன் இடிச்சிட்டு, அவனே என்னத் தூக்கி வண்டியில போட்டுக்கினு கெளம்புனான். வழியில ஏஜென்ட் வீட்டாண்ட நிறுத்தி, இன்சூரன்ஸ் போட்டுட்டுதான் ஆஸ்பத்திரிக்கே போனான். நான் கால் ஒடஞ்சி பின்னாடி கெடக்குறேன்."

"இத கோர்ட்ல சொல்லிடாதீங்க. கம்பெனிக்காரன் பத்து பைசா தர மாட்டான்."

"சொல்லிட்டுதான் வரேன்."

"ஏண்ணே? வக்கீலு ஒண்ணும் சொல்லிக் குடுக்கலியா?"

"எத்தினி மணிக்கு இடிச்சான்னு கேட்டா ஞாபகம் இல்லன்னு சொல்லச் சொன்னாரு. நானும் அப்பிடித்தான் சொல்லலாம்னு இருந்தேன். கூண்டுல ஏறிப் பாக்குறேன், எதிர்ல டெம்போக்காரன் நிக்குறான். அன்னிக்கு இன்சூரன்ஸுல கையெழுத்துப் போட எங்கிட்ட வாங்குன பேனா, என் தம்பி பிரான்ஸுலேந்து அனுப்புனது, இன்னும் அவன் சட்டைப் பையில இருக்கு."