மேசைக்கு மறுபக்கம் அமர்ந்த வொல்ஃப்ராம் கெஸ்லிங்

மேடையிலே கணவரை இழந்த துயரோடு அமர்ந்திருக்கும் உர்சூலா அம்மையார் அவர்களே, ஷாஃப்ஹவுசன் தமிழ் நாடகக் குழுத் தலைவர் குணசேகரம் அவர்களே, வேலை நேரத்தை மாற்றிக்கொண்டு இந்த அஞ்சலிக் கூட்டத்துக்கு வந்திருக்கும் உறவுகளே! இராஜேந்திரனின் வணக்கம். நம் குழுப் பிள்ளை கோபிஷா பக்கத்தில் நின்று, நான் பேசுவதை அம்மையாருக்கு ஜெர்மன் மொழியில் சொல்கிறாள். நான் வேகமாகக் கதைத்தால் முறைப்பாள்; இன்றைக்காவது நிதானமாகப் பேசுகிறேன்.

குணசித்திர நடிகர் வொல்ஃப்ராம் கெஸ்லிங் அவர்கள் நாற்பத்தொரு ஆண்டுகள் ஜெர்மன் சினிமாவிலும் தொலைக்காட்சியிலும் நடித்தவர். நீதிபதி வேண்டுமா? வந்தார். பொலிஸ் அதிகாரி வேண்டுமா? வந்தார். அகதி மனு விசாரிக்கும் அலுவலர் வேண்டுமா? பதினேழு தடவை வந்தார்! கதாநாயகனாக? ஒரு தடவையும் இல்லை. அவர் பெயர் பலருக்குத் தெரியாது, முகம் எல்லோருக்கும் தெரியும்.

அந்த முகம் செய்த வேலையைக் கேளுங்கள்! நம் சிவகலா ஜெர்மன் பழகியதே அவருடைய தொடர்களைப் பார்த்துத்தான். ஆறு வருடத்துக்கு முன் பஸ்ஸில் ஏறுகிறாள், எதிரே அவர். ஏதோ அலுவலகத்தில் கண்ட பெரிய அதிகாரி என்று நினைத்து, அவர் கேட்காமலே வதிவிட பெர்மிட் அட்டையை எடுத்து நீட்டிவிட்டாள்! "சிரியாதேங்கோ அண்ணை, நான் பட்ட பாடு எனக்குத்தான் தெரியும்" என்று இன்றைக்கும் சொல்வாள்.

அவர் சிரிக்கவில்லை. மறுவாரம் தமிழ்க் கடையில் விசாரித்து, நம் ஒத்திகை மண்டபத்துக்கே வந்தார். "நான் அதிகாரி இல்லை, நடிகன். என் வேடம் உங்களைப் பயப்படுத்திவிட்டது, மன்னியுங்கள்" என்றார். பால் விடாத பிளேன்ரீ ஒன்று கொடுத்தோம். குடித்தவர் பிறகு நம்மை விட்டுப் போகவே இல்லை.

இந்த வருட நாடகம் என் கதை. எண்பத்தொன்பதில் இந்தச் சுவிஸ் நாட்டில் அகதி மனுவுக்காக என்னை விசாரித்த அந்த ஒரு நாளின் கதை. என்னையே நடிக்கச் சொன்னார்கள். "அந்த மேசைக்கு முன்னால, அந்தக் கதிரையில இன்னொருக்கா இருக்கமாட்டன்" என்று ஒற்றைக்காலில் நின்றேன். அப்போது யார் எழுந்தார்? வொல்ஃப்ராம் ஐயா எழுந்தார்! "பதினேழு தடவை மேசைக்கு அந்தப் பக்கம் இருந்தேன். என்னை இந்தப் பக்கம் இருத்துங்கள்" என்றார். அதிகாரியாக யார்? சிவகலா!

எண்பது வரித் தமிழை ஜெர்மன் எழுத்தில் எழுதிப் பாடமாக்கினார். "பயமாக்கிடக்கு" என்பதை "பாயமாக்கிடக்கு" என்று இழுப்பார். "ஐயா, பாயும் இல்லை தலைகாணியும் இல்லை, பயம்!" என்று சிவகலா திருத்துவாள். அவர் வந்த கடைசி ஒத்திகையில் அதைச் சரியாகச் சொன்னார் பாருங்கள், நான் வெளியே போய் நின்று அழுதேன். சொல்ல வெட்கமில்லை.

ஒன்பது நாளுக்கு முன் அவர் இதயம் நின்றது. மேடையேற்றத்துக்கோ மூன்று வாரம்தான். "என்ன இராஜேந்திரன், நிப்பாட்டுவமோ?" என்று தலைவர் கேட்டார்.

அதற்கு இந்த மேடையில் பதில் சொல்கிறேன். வேற்று மொழியில், எழுபத்து நான்கு வயதில், என் பயத்தை எனக்காகச் சுமக்க ஒரு மனிதர் துணிந்தாரே! எனக்கு என்ன கேடு?

குணசேகரம் அண்ணை, மண்டபத்தை விட்டிடாதேங்கோ. நாடகம் குறிச்ச திகதிக்கே நடக்கும். சிவகலா, கேள்வியளை நல்லாப் பாடமாக்கி வையும். கொஞ்சமும் இரங்கக் கூடாது. அந்தக் கதிரையில நான் இருக்கிறன்.