இரண்டாவது பிரேக்

நான் தினமும் காலை ஐந்தரைக்கு எழுந்துவிடுவேன். அலாரம் வைப்பதில்லை. மழை பெய்தாலும் காய்ச்சல் அடித்தாலும் ஐந்தரை என்றால் ஐந்தரைதான். இன்று காலை இந்த லாக்கப்பிலும் அப்படித்தான் எழுந்து உட்கார்ந்திருந்தேன், உங்கள் கான்ஸ்டபிளைக் கேட்டுப் பாருங்கள் அய்யா. எப்படிப்பட்ட ஆளிடம் வாக்குமூலம் வாங்குகிறோம் என்று முதலில் உங்களுக்குத் தெரிய வேண்டும், அதற்காகச் சொல்கிறேன்.

எனக்குப் பூட்டு ரிப்பேர் கடை. பத்தொன்பது வருடத்துக்கு முன்னால் ஒரு நாள் காலையில் சிகரெட்டை விட்டேன். அதற்கு முன்னால் நாளைக்கு இரண்டு பாக்கெட். விட்டதிலிருந்து தொடவில்லை. கடைக்கு வந்தவர்களுக்கெல்லாம் இதைச் சொல்லியிருக்கிறேன், ஒன்றிரண்டு தடவை கூடுதலாகவே சொல்லியிருப்பேன். என் மனைவி தன் உறவுக்காரர்களிடம், "எங்க வீட்டுக்காரர் சொன்னா சொன்னதுதான்" என்று பெருமையாகச் சொல்லுவாள். எனக்கு வேறு பெருமை எதுவும் கிடையாது.

பக்கத்துக் கடைத் தையல்காரர்தான் தொடங்கி வைத்தார். செல்போனைக் கையில் எடுத்தால் அவருக்கு வேலை ஓடாது. ஒரு நாள் அதைக் கொண்டுவந்து கொடுத்து, பூட்டி வையுங்கள், ஐந்து மணிக்கு முன்னால் நானே வந்து கேட்டாலும் கொடுக்காதீர்கள் என்றார். மூன்று மணிக்கு வந்து கேட்டார். கொடுக்கவில்லை. மூன்றரைக்கு வந்து மாமியாருக்கு உடம்பு சரியில்லை என்றார். அவருக்கு மாமியாரே கிடையாது. அன்றைக்கு மட்டும் நாலு பேன்ட் தைத்து முடித்தார். விஷயம் தெருவெல்லாம் பரவிவிட்டது. பள்ளிக்கூட டீச்சர் பிஸ்கட் டின்னைக் கொடுத்தார். ஒரு நர்ஸ், பழைய காதலனின் நம்பர் எழுதிய சீட்டைக் கொடுத்துவிட்டு, அது தனக்கு மனப்பாடம் என்பதைப் பிறகு சொல்லி அழுதாள். அதற்கு என்னிடம் பூட்டு இல்லை.

வாங்கும் பொருளுக்கெல்லாம் ஒரு விதி வைத்தேன். காலையில் கொடுக்கிறவர்தான் வாடிக்கையாளர். இடையில் வந்து கேட்கிறவர் அதே முகத்தோடு வரும் வேற்றாள், அவரை நம்பக்கூடாது. கெடு முடிந்ததும் வாடிக்கையாளர் கவுன்டருக்கு நேரில் வந்து, தெளிந்த மனதோடு கையெழுத்துப் போட்டு வாங்கிக்கொள்ளலாம். ஒருவர்கூடக் குறை சொன்னதில்லை. தையல்காரர் மட்டும், "பாலுக்குப் பூனை காவல்னு ஆயிடாம பாத்துக்குங்க அண்ணே" என்று கிண்டல் செய்தார். நான் அவரோடு ஒரு வாரம் பேசவில்லை.

என் மச்சினன், மனைவியின் தம்பி, டிரைவிங் ஸ்கூலில் கார் ஓட்டச் சொல்லிக் கொடுப்பவன். அந்தக் காரில் வாத்தியார் பக்கமும் ஒரு பிரேக் இருக்கும். கற்றுக்கொள்பவர் தடுமாறினால் இவன் மிதிப்பான். ஊருக்கெல்லாம் பிரேக் போட்டவனுக்குச் சிகரெட் விஷயத்தில் பிரேக் பிடிக்கவில்லை. விடாவிட்டால் ஆள் தேறாது என்று டாக்டர் கையை விரித்துவிட்டார். இரண்டு பெண் குழந்தைகள். போன வெள்ளிக்கிழமை காலை கடைக்கு வந்து நின்றான்.

"அத்தான், முதல் மூணு நாள்தான் கஷ்டமாம். என்னைப் பின்னாடி ரூம்ல போட்டுப் பூட்டிடுங்க. எனக்கு ரெண்டாவது பிரேக் நீங்கதான்."

மனுஷனை வாங்கி வைத்து எனக்குப் பழக்கமில்லை. ஆனாலும் தானாடாவிட்டாலும் தன் சதை ஆடும் அல்லவா. கடைக்குப் பின்னால் பழைய கதவுகளும் பூட்டுகளும் போட்டு வைத்திருக்கும் அறை. மின்விசிறி உண்டு, கழிப்பறை உண்டு. தண்ணீர், ரொட்டி, போர்வை வைத்தேன். அவன் தன் கைப்படவே எழுதிக் கொடுத்தான், அந்தத் தாள் உங்கள் ஃபைலில் இருக்கிறது. ஞாயிறு மாலை ஆறு மணி வரை நான் என்ன சொன்னாலும் நம்ப வேண்டாம், மூச்சு முட்டுது என்பேன், தலை சுற்றுது என்பேன், நெஞ்சு வலிக்குது என்றுகூடச் சொல்வேன், திறக்க வேண்டாம் என்று எழுதியிருந்தான். கீழே கையெழுத்து. எவ்வளவு தெளிவான மனிதன் பாருங்கள். செல்போனையும் கொடுத்தான். பிரிக்காத ஒரு பாக்கெட்டையும் கொடுத்து, வெளியே வந்ததும் தன் கையாலேயே கசக்கிப் போடப்போவதாகச் சொன்னான். பத்து சிகரெட்.

வெள்ளிக்கிழமை நன்றாகவே போனது. மதியம் அந்தப் பாக்கெட்டைப் பிரித்தேன். எண்ணிப் பார்த்து வைப்பது கடை வழக்கம். மாலையில் கடையிலேயே பல் விளக்கிவிட்டு வீட்டுக்குப் போனேன்.

சனிக்கிழமை காலையிலேயே தட்ட ஆரம்பித்துவிட்டான். போதும் அத்தான், மனசு மாறிவிட்டது என்றான். மனசு மாறியவருக்குத் திறப்பதில்லை என்றேன். கெடு முடிந்தபின் வாடிக்கையாளர் கவுன்டருக்கு நேரில் வர வேண்டும் என்று விதியையும் எடுத்துச் சொன்னேன்.

"நான் உள்ள இருக்கேன் அத்தான். எப்படி நேர்ல வர்றது?"

அது நியாயமான கேள்விதான். ஆனால் ஒருவருக்காக விதியைத் தளர்த்தினால் அப்புறம் டீச்சருக்கும் தளர்த்த வேண்டும். நாற்காலியைக் கதவோரம் போட்டு உட்கார்ந்து, மனஉறுதி பற்றிப் பொறுமையாக எடுத்துச் சொன்னேன். ஆசை வரும், வந்தால் அதை வேடிக்கை பார்க்க வேண்டும், அது தானாகப் போய்விடும் என்றேன். உள்ளே அவன் தரையோடு படுத்து மூக்கை உறிஞ்சுவது கேட்டது. பிறகு கதவின் கீழ் இடுக்கிலிருந்து குரல் வந்தது.

"அத்தான், நீங்க சிகரெட் பிடிக்கிறீங்களா?"

இல்லை என்றேன்.

"புகை இங்க வருது அத்தான். அது என் பாக்கெட்டு." அவன் சிரித்தான். வெகுநேரம் சிரித்தான். "வெளிய வந்ததும் முதல் வேலை, அக்காகிட்ட சொல்றதுதான்."

அதில் கோபப்பட ஒன்றுமில்லை. அந்தக் கதவுக்குப் பின்னால் இருந்தது அவன் இல்லை, அதே முகத்தோடு இருந்த வேற்றாள். நாற்காலியை மட்டும் கொஞ்சம் தள்ளிப் போட்டுக்கொண்டேன்.

ஞாயிற்றுக்கிழமை பதினொரு மணிக்கு, நெஞ்சு வலிக்கிறது என்றான். தாளை எடுத்துப் படித்துப் பார்த்தேன். அவன் எழுதிய வரிசை மாறவேயில்லை. முதலில் மூச்சு, பிறகு தலை, பிறகு நெஞ்சு. இடது கை மரத்துப்போகிறது என்றான். அது தாளில் இல்லை. அதை மட்டும் கொஞ்சம் யோசித்தேன். கடைசியாக, "அக்காகிட்ட சொல்லமாட்டேன் அத்தான், என் பிள்ளைங்க மேல சத்தியம்" என்றான். அப்போது என் கையில் சாவி இருந்தது. மற்ற கையில் என்ன இருந்தது என்று உங்களுக்குத் தெரியும். வெளியே வந்தபின் வார்த்தை மாறாத ஆளை என் தொழிலில் நான் பார்த்ததில்லை. சாவியைச் சட்டைப்பைக்குள் போட்டேன். திறக்க வேண்டும் போலத்தான் இருந்தது அய்யா, மறைக்கவில்லை. அந்த ஆசையை வேடிக்கை பார்த்தேன். அது போய்விட்டது.

பன்னிரண்டு மணிக்கு மனைவி சாப்பாடு கொண்டு வந்தாள். உள்ளே சத்தமே காணோமே என்றாள். தூங்குகிறான், எழுப்பாதே என்றேன்.

"நீங்க இருக்கும்போது எனக்கென்ன கவலை," என்று சொல்லிவிட்டுப் போனாள்.

ஆறு மணிக்குத் திறந்தேன். ஒரு நிமிடம் முன்னால் இல்லை, ஒரு நிமிடம் பின்னால் இல்லை. கதவை ஒட்டிக் குப்புறக் கிடந்தான், மூக்கு அந்த இடுக்கோரம் இருந்தது. மதியமே உயிர் போயிருக்கும் என்று உங்கள் டாக்டர் சொன்னாராம். சரியாகத்தான் இருக்கும். நான்தான் திறக்கவில்லை. எங்கே கையெழுத்துப் போட வேண்டுமோ சொல்லுங்கள், போடுகிறேன்.

ஒரே ஒரு திருத்தம். என் மேசையில் எடுத்த பாக்கெட் காலி என்று யாரோ எழுதியிருக்கிறார்கள். அது தவறு. பிரித்துப் பாருங்கள், உள்ளே ஒன்று இருக்கும். ஞாயிறு மாலை முழுக்க அது என் கைக்கெட்டும் தூரத்தில்தான் இருந்தது. நான் தொடவில்லை. மனஉறுதி இல்லாதவனாக இருந்தால் அதையும் பிடித்திருப்பேன்.