ஹெல்மெட்டில் வந்த லைசென்ஸ்

அத்தான்: ...அதனாலதான் திரும்பவும் சொல்றேன், லைசென்ஸ் புதுப்பிச்சதுல எனக்குச் சல்லிக்காசு செலவில்லை. ஊரே சேர்ந்து கட்டிச்சு. அரசாங்க ஆபீசுக்குப் போயிட்டு லாபத்தோட வீடு திரும்பின மனுஷன் உலகத்துலயே நான் ஒருத்தன்தான்.

தம்பி: அக்கா, இன்னிக்கு அத்தானுக்கு மாத்திரை கொடுத்தியா?

அக்கா: கொடுத்தேன்டா. இது மாத்திரைக்கு அடங்கற வியாதி இல்லை. கல்யாணமான நாளிலேர்ந்து இருக்கு.

தம்பி: கண்டக்டரா இருந்தப்ப டிக்கெட்டைக் கிழிச்சுக் கொடுத்தார். ரிட்டயர் ஆனதும் கதையைக் கிழிச்சுக் கொடுக்கறார்.

அத்தான்: டிக்கெட்டாவது காசுக்கு. கதை இலவசம். வாங்கிக்க உனக்கென்ன கசக்குதா?

அக்கா: அடங்குங்க ரெண்டு பேரும். விடிஞ்சா ஏர்போர்ட். நாலு வருஷம் கழிச்சு என் பொண்ணு வர்றா, கூட மாப்பிள்ளை வேற. நம்ம வண்டியில அஞ்சாவது ஸீட்டுல ஆள் உக்கார முடியாது, அவ பெட்டிதான் உக்காரும். ஆக, இந்தச் சாவி யார் கைக்குப் போகுதோ அவங்க ஓட்டறாங்க. இன்னொருத்தர் வீட்டுல இருந்து கதவு திறக்கறாங்க.

அத்தான்: பெத்தவன் நான்.

தம்பி: தூக்கி வளர்த்த தாய்மாமன் நான்.

அக்கா: சுமந்தவ நான். சாவி என் இடுப்புல இருக்கு. லைசென்ஸ் இருக்கறவங்கதான் ஓட்டணும், அவ்வளவுதான் என் சட்டம். தம்பி லாரி ஓட்டியே சாப்பிடறவன், அவன்கிட்ட இருக்கு. உங்களுது போன வருஷமே செத்துப் போச்சு. அதுகூடத் தெரியாம காய்கறிக் கடைக்கும் கல்யாணத்துக்கும் என்னை உக்கார வெச்சு ஓட்டினீங்க. இப்ப புதுப்பிச்சாச்சுன்னு சொல்றீங்க. எங்க, காட்டுங்க.

அத்தான்: கார்டு தபால்ல வரும்.

தம்பி: ரசீது?

அத்தான்: அதை உங்கக்காகிட்ட கேளு.

அக்கா: பேண்ட் பையில வெச்சிருக்கேன்னு ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம்ல?

அத்தான்: வீட்டுக்குள்ள வந்து இன்னும் செருப்பைக்கூடக் கழட்டலை மாப்ளே. உங்கக்கா பேண்ட்டை உருவி மெஷின்ல போட்டுட்டா. வெளிய வரும்போது ரசீது கூழ். கொஞ்சம் உப்பு போட்டா குடிச்சிருக்கலாம்.

தம்பி: வசதியாப் போச்சு. ஆபீசுக்குப் போன் போட்டுக் கேக்கலாம்னா இன்னிக்கு ஞாயித்துக்கிழமை. அதுவும் வசதி.

அத்தான்: ஆமா, ஞாயித்துக்கிழமையைக்கூட நான்தான் ஏற்பாடு பண்ணினேன்.

அக்கா: சரி, சொல்லுங்க. முழுசாச் சொல்லுங்க. கேட்டுட்டு முடிவு பண்றேன்.

தம்பி: அக்கா, நேரம் என்ன ஆச்சுன்னு பாரு. எதுக்கு இதெல்லாம்...

அக்கா: நீ சும்மா இருடா. அன்னிக்கு நீ வெளியூர் லோடு. இங்க இருந்திருந்தா இவர்கூடப் போயிருப்பே, எனக்கு இந்தத் தலைவலி வந்திருக்காது.

அத்தான்: அதைத்தான் நானும் நினைச்சேன். மாப்ளே வெளியூர்ல இருக்கானேன்னு அங்க நின்னு எவ்வளவு வருத்தப்பட்டேன் தெரியுமா.

தம்பி: ...கதையைச் சொல்லுங்க.

அத்தான்: கட்டணம் சின்னதுதான். அது கூட்டிட்டு வர்ற சொந்தக்காரங்கதான் பெருசு. தாமதக் கட்டணம்னு ஒண்ணு. தாமதம்னு கண்டுபிடிச்சதுக்கு ஒண்ணு. கண்ணு நல்லாருக்குன்னு எழுதித் தர்ற டாக்டர், அவர் என் கண்ணைப் பாக்காமலே எழுதினார், அதுக்கு ஒண்ணு. போட்டோவுக்கு ஒண்ணு. அந்தப் போட்டோவுல இருக்கறது நான்தான்னு இன்னொருத்தன் சத்தியம் பண்ண ஒண்ணு. மொத்தத்தையும் ஜன்னல் வழியா அந்தம்மா சொன்னாங்க பாரு... வண்டியை வித்தாத்தான் லைசென்ஸ் எடுக்க முடியும்.

தம்பி: இதுவரைக்கும் நம்பறேன்.

அக்கா: நான் கொடுத்து அனுப்பின பணம்?

அத்தான்: நீ கட்டணத்துக்குக் கொடுத்தே. சொந்தக்காரங்களுக்குக் கொடுக்கலையே. வீட்டுக்கு வந்து உன் முகத்தைப் பாக்கறதா, இங்கயே பெஞ்சுல குடித்தனம் பண்றதான்னு யோசிச்சுக்கிட்டு உக்காந்திருந்தேன். பெஞ்சு பரவாயில்லாம இருந்தது.

அக்கா: இருக்கும், இருக்கும்.

அத்தான்: அப்பதான் லாரி வந்தது. டெஸ்ட்டுக்கு வந்த லாரி. லாரியா அது, மலை. அந்த ஆபீஸ் வாசல்ல ஒரு பக்கம் தூண், இன்னொரு பக்கம் காவலாளியோட கூண்டு. நடுவுல நேரா வரவேண்டியவன் கோணலா வந்து அப்படியே சொருகிக்கிட்டான். முன்னாடியும் போகலை, பின்னாடியும் போகலை. கூண்டுக்குள்ள காவலாளி வேற. கதவைத் திறந்தா லாரி. பாவம், ஜன்னல் வழியா டீ கொடுத்தாங்க, ஜன்னல் வழியா பன் கொடுத்தாங்க. இன்னும் கொஞ்ச நேரம் ஆகியிருந்தா ஜன்னல் வழியா சம்பளமும் கொடுத்திருப்பாங்க.

தம்பி: மலையெல்லாம் இல்லை, நடுத்தர லாரிதான்...

அக்கா: உனக்கெப்படித் தெரியும்?

தம்பி: இல்ல... அந்த வாசல்ல பெரிய லாரி நுழையவே நுழையாது. தொழில்ல இருக்கறவன், தெரியாதா? அதுவும் தூணை அங்க கட்டினவனைத்தான் முதல்ல டெஸ்ட் பண்ணணும்.

அத்தான்: பாத்தியா, லாரிக்காரனுக்கு லாரிக்காரன் பரிஞ்சு பேசறான். நல்ல மனசு.

அக்கா: மேல சொல்லுங்க.

அத்தான்: டெஸ்ட் எடுக்கற அதிகாரி வெளிய வந்தார். லாரி நகர்ற வரைக்கும் யாருக்கும் டெஸ்ட் கிடையாது, மதியத்துக்குள்ள நகரலைன்னா எல்லாரும் அடுத்த மாசம் வாங்கன்னார். வரும்போது கட்டணத்தை மறுபடியும் கட்டணும்னார். அதைக் கேட்டதும் கூட்டத்துக்கு வந்த கோபம் இருக்கே... நாப்பது பேர். நாப்பது பேரும் டிரைவருக்கு வழி சொன்னாங்க. ஒருத்தன் இடதுங்கறான், ஒருத்தன் வலதுங்கறான், ஒரு அம்மா அப்படியே மேல தூக்குப்பாங்கறாங்க. உள்ள இருக்கறவன் பாவம், ஸ்டேரிங்கைப் பிடிச்சுக்கிட்டு அழற மாதிரி இருந்தான்.

தம்பி: அழவெல்லாம் மாட்டான். வேர்த்திருக்கும்.

அத்தான்: சரி, கண்ணு வழியா வேர்த்தது. நான் எழுந்தேன். பஸ்ஸைப் பின்னாடி எடுக்க வெச்சே தலை நரைச்சவன் நான். எல்லாரும் வாயை மூடுங்கன்னேன். மூடிட்டாங்க. லாரிக்குப் பின்னாடி போய் ரெண்டு விரலை வாயில வெச்சு ஒரு விசில் அடிச்சேன் பாரு, மாடியில ஃபேன் நின்னு போச்சு.

அக்கா: ஃபேனை விடுங்க.

அத்தான்: விட்டேன். அப்புறம் பின்பக்கத் தகட்டுல கையால தட்டினேன். ரெண்டு தட்டு தட்டினா வா. ஒண்ணு தட்டினா நில்லு. வழிச்சுத் தடவினா ஸ்டேரிங்கைக் கொஞ்சம் ஒடின்னு அர்த்தம். பழைய பஸ் பாஷை.

தம்பி: தடவறது முன்னாடி இருக்கறவனுக்குக் கேக்குமா? அளந்து விடுங்க அத்தான். இந்தக் காலத்து டிரைவர் எவனுக்கு அந்தப் பாஷை தெரியும்?

அத்தான்: இவனுக்குத் தெரிஞ்சது. சின்ன வயசுல கண்டக்டர் ஸீட்டுக்குப் பக்கத்துலயே உக்காந்து வந்து பழகின காது போல. தட்டினா வந்தான், தடவினா ஒடிச்சான். கை என்னுது, கால் அவனுது. தூணுக்கும் லாரிக்கும் நடுவுல ஒரு நூல் போற இடம்தான் இருந்தது. வெண்ணெயில கத்தி போற மாதிரி வெளிய வந்தது.

அக்கா: அவன் உங்களைப் பாத்தானா?

அத்தான்: நான் பின்னாடி நிக்கறேன், அவனுக்கு எப்படித் தெரியும்? இறங்கினப்புறம்தான் பாத்தான்.

அக்கா: அப்ப நீங்களும் அவனைப் பாத்திருக்கீங்க.

அத்தான்: ...பாத்திருப்பேன். கூட்டம். காவலாளி வேற வெளிய வந்து என்னைக் கட்டிக்கிட்டு விடமாட்டேங்கறார்.

தம்பி: காசு எப்படி வந்தது, அதைச் சொல்லுங்க முதல்ல. செலவில்லைன்னீங்களே.

அத்தான்: ஒரு நர்ஸம்மா. ஸ்கூட்டர் லைசென்ஸுக்கு வந்திருந்தாங்க. நான் ஜன்னல்ல பணம் பத்தலைன்னு முழிச்சதைப் பாத்துக்கிட்டு இருந்திருக்காங்க. டக்குன்னு ஹெல்மெட்டைக் கழட்டி, இந்தப் பெரியவர் இல்லைன்னா எல்லாரும் ரெண்டாவது தடவை கட்டியிருப்போம், அதுல பாதியைப் போடுங்கன்னு கூட்டத்துக்குள்ள விட்டாங்க. ஹெல்மெட் சுத்தி வந்தது மாப்ளே. காவலாளி போட்டார். ஜன்னல்ல உக்காந்திருந்த அந்தம்மா போட்டாங்க. அதிகாரி இந்தப் பக்கம் அந்தப் பக்கம் பாத்துட்டு, இருமற மாதிரி குனிஞ்சு போட்டார்.

அக்கா: லாரி டிரைவர்?

அத்தான்: ...அவன்தான் நிறையப் போட்டான். சட்டைப் பையை அப்படியே கவுத்துட்டான். வேண்டாம்பான்னு சொன்னேன். கேக்கலை. சொந்தக்காரங்க எல்லாருக்கும் சேர்த்துக் கட்டியும் ஹெல்மெட்ல மிச்சம். நீ கொடுத்ததும் பையில அப்படியே இருந்தது.

அக்கா: அப்படியேன்னா? எனக்கு ஒண்ணும் வந்து சேரலையே.

அத்தான்: நாப்பது பேருக்கு டீ.

தம்பி: பாத்தியாக்கா, லாபமும் ஆவியாப் போச்சு. ஃபேன் நிக்குது, ஹெல்மெட் பறக்குது, ரசீது கூழ். டெஸ்ட் எப்படி, கண்ணைக் கட்டிக்கிட்டு ஓட்டினீங்களா?

அத்தான்: கண் டெஸ்ட்டும் இருந்தது. போர்டுல கடைசி வரியைப் படிங்கன்னாங்க. படிச்சுட்டு, போர்டுக்குப் பின்னாடி ஒரு பல்லி உக்காந்திருக்கு, கர்ப்பமா இருக்குன்னும் சொன்னேன். போதும் போங்கன்னுட்டாங்க.

அக்கா: கடவுளே. கேக்கும்போதெல்லாம் நம்பணும்போல இருக்கு, கடைசியில ஒரு பல்லியைக் கொண்டுவந்து கெடுத்துடறீங்க.

தம்பி: நான் சொல்லட்டுமாக்கா? எதுவுமே நடக்கலை. பெஞ்சுல உக்காந்தார், டீ குடிச்சார், கிளம்பி வந்துட்டார். நாளைக்கு வழியில போலீஸ் நிறுத்தினா பல்லியையா காட்டுவார்? வர்ற பொண்ணை நடுரோட்டுல பெட்டியோட நிக்க வைக்கப் போறோமா?

அக்கா: அதுதான்டா எனக்கும் பயம். ஏங்க, விளையாட்டை விடுங்க. ஒரே ஒரு கேள்வி. அந்த லாரி டிரைவர் யாரு? ஆளைச் சொல்லுங்க. இப்பவே போன் போட்டுக் கேக்கறேன். அவன் ஆமான்னு ஒரு வார்த்தை சொன்னா சாவி உங்களுக்கு.

தம்பி: விடுக்கா. தூங்கப் போலாம்.

அக்கா: அவர் சொல்லட்டும்.

அத்தான்: அவனுக்கு வாக்குக் கொடுத்திருக்கேன்.

அக்கா: கதையில வர்ற ஆளுக்கு வாக்கா?

அத்தான்: கீழ இறங்கி வந்து என் கையைப் பிடிச்சுக்கிட்டான். இத்தனை வருஷம் ஓட்டினவன், ஒரு கூட்டத்துக்கு முன்னாடி... வீட்டுல மட்டும் சொல்லிடாதீங்கன்னான்.

அக்கா: யார் வீட்டுல?

அத்தான்: ...அவன் வீட்டுலதான். வேற யார் வீட்டுல?

அக்கா: பேர் சொல்லமாட்டீங்க.

அத்தான்: மாட்டேன்.

அக்கா: நாலு வருஷமா ராத்திரி ராத்திரி அவ போட்டோவைப் பாத்துக்கிட்டு இருந்தது நீங்கதான். வாசல்ல நின்னு முதல் ஆளா அவளைப் பாக்கணும்னு நீங்கதான் கிடந்தீங்க. ஒரு பேருக்காக அதை விட்டுடுவீங்களா?

அத்தான்: சரிம்மா. அப்ப நடக்கலைன்னே வெச்சுக்கோ. உன் தம்பி சொன்னதுதான் சரி. பெஞ்சுல உக்காந்தேன், டீ குடிச்சேன், வந்துட்டேன். சாவியை அவன்கிட்ட கொடு.

அக்கா: நிஜமாவா சொல்றீங்க?

அத்தான்: நான் எப்ப நிஜம் சொல்லியிருக்கேன்? மாப்ளே, காலையில சீக்கிரம் கிளம்பு. அவ கதவைத் தாண்டி வெளிய வந்ததும் எக்கி எக்கித் தேடுவா. அப்பாவுக்கு முட்டி வலின்னு சொல்லிடு. பின் டயர்ல காத்து கம்மி, அதையும் பாத்துக்கோ. வா, வந்து சாவியை வாங்கிக்கோ.

அக்கா: என்னடா, கையைப் பின்னாடி கட்டிக்கிட்டு நிக்கறே? நீட்டு.

தம்பி: அவர்கிட்டயே கொடுக்கா. நடந்தது. கூட்டம் நாப்பது இல்லை, இருபது இருக்கும், மத்ததெல்லாம் நடந்தது. அந்த லாரியைச் சொருகினவன் நான்தான். வெளியூர் லோடுன்னு உன்கிட்ட சொல்லிட்டு டெஸ்ட்டுக்குப் போயிருந்தேன். எனக்கும் புதுப்பிக்கவேண்டியிருந்தது... அத்தான், உங்களுக்குக்கூட இது தெரியாது. நீங்க டீ வாங்கப் போனப்புறம் அதிகாரி என்னைக் கூப்பிட்டு, மூணு மாசம் கழிச்சு வான்னு அனுப்பிட்டார். அன்னிலேர்ந்து லாரி ஷெட்டுலதான் நிக்குது. நாளைக்கு ஒரு நாள்தானே, யார் கேக்கப்போறாங்கன்னு இருந்துட்டேன். இந்த வீட்டுல இப்ப லைசென்ஸ் இருக்கற ஒரே ஆள் அவர்தான்.